ரவென்ஸ்புரூக்: பெண்கள் காத்து வைத்த சாட்சியம்

இரண்டாம் உலகப் போர்க்கால வதைமுகாம்கள் என்றதும் அவுஷ்விட்ஸ், டாக்கௌ, பேர்கன் பெல்சன் ஆகிய பெயர்களே எம்மில் பெரும்பாலானோரின் நினைவுக்கு வருகின்றன. ரவென்ஸ்புரூக் என்ற பெயரைத் தமிழில் வாசித்தவர்கள் மிகச் சிலராகவே இருப்பர். கிறிஸ்தவ வாசகர்கள் சிலர், தனது சகோதரி பெற்சியை 1944 டிசம்பரில் அங்கு பறிகொடுத்த ஒல்லாந்துப் பெண்மணி கொறி டென் பூம் அவர்களின் நூல் வாயிலாக அதனை அறிந்திருக்கலாம். ஜேர்மன் மண்ணில் பெண்களுக்கென்றே அமைக்கப்பட்ட மிகப் பெரிய வதைமுகாம் அதுவாகும். ஏறத்தாழ 120,000 பெண்களும் சிறுவர்களும் அதனுள் அடைக்கப்பட்டனர். அத்தகையதொரு முகாம் உலகின் நினைவில் பின்வரிசைக்குத் தள்ளப்பட்டது ஏன் என்ற கேள்வி நீண்ட காலமாகவே எனது மனதில் இருந்து வருகின்றது.

காரணங்கள் சில வெளிப்படையானவை. 1945 ஏப்ரல் மாத இறுதியில், சோவியத் படைகள் நெருங்கி வருவதை அறிந்த எஸ்.எஸ். படையினர் முகாமின் ஆவணங்களை எரித்தனர். நடக்கக்கூடிய நிலையிலிருந்த ஏறத்தாழ 20,000 பேரை மேற்கு நோக்கி நடத்திச் சென்றனர். ஏப்ரல் 30ஆம் திகதி செஞ்சேனை அங்கு வந்தபோது எஞ்சியிருந்தவர்கள் நோயாளிகளும் அவர்களைப் பராமரித்த சக கைதிகளுமே. பேர்கன் பெல்சனில் பிரித்தானியப் படையினருடன் வந்ததைப் போன்று இங்கு ஒளிப்படக் கருவிகளோ வெளிநாட்டுச் செய்தியாளர்களோ வரவில்லை. பின்னர் அந்நிலப்பகுதி கிழக்கு ஜேர்மனியின் எல்லைக்குள் அமைந்தது. முகாம் வளவின் பெரும்பகுதியைச் சோவியத் இராணுவம் 1990களின் முற்பகுதி வரை தனது பாவனையில் வைத்திருந்தது. ஆவணமும் இல்லை, படமும் இல்லை, போய்ப் பார்க்க வழியும் இல்லை. எஞ்சியது பெண்களின் வாய்ச்சொல் மட்டுமே.

அந்தப் பெண்கள் இதனை முன்கூட்டியே உணர்ந்திருந்தனர். தாம் உயிருடன் வெளியே சென்றாலும் தமது சொல்லை எவரும் நம்பப்போவதில்லை என்று எதிர்பார்த்தே, முகாமுக்குள் இருந்தபடி சான்றுகளைத் தேடிச் சேர்த்து மறைத்து வைத்தனர். இந்த வரலாற்றில் என்னை மிகவும் ஈர்த்த விடயம் இதுவே.

முகாமைப் பற்றி முதலில் சுருக்கமாகக் கூறிவிடுகின்றேன். பேர்லினுக்கு வடக்கே சுமார் 80 கிலோமீற்றர் தொலைவில், ஃபுர்ஸ்டன்பேர்க் என்னும் சிறுநகரை அண்டி, ஏரிக்கரையொன்றில் 1939ஆம் ஆண்டு மே மாதம் அது திறக்கப்பட்டது. ஏரியின் மறுகரையில் நகரத்துத் தேவாலயத்தின் கோபுரம் தெரியும். ஆரம்பத்தில் கொண்டுவரப்பட்டவர்கள் ஜேர்மன், ஆஸ்திரியப் பெண்கள். கம்யூனிஸ்டுகள், யெகோவாவின் சாட்சிகள், யூதர்கள், ரோமா சிந்தி இனத்தவர்கள், "சமூக விரோதிகள்" என முத்திரை குத்தப்பட்ட வறிய பெண்கள். போர் விரிவடைந்தபோது போலந்து, பிரான்ஸ், சோவியத் ஒன்றியம், ஒல்லாந்து, ஹங்கேரி என முப்பதுக்கும் மேற்பட்ட நாடுகளைச் சேர்ந்தவர்கள் வந்து சேர்ந்தனர். ஒவ்வொருவரின் உடையிலும் ஓர் இலக்கமும் முக்கோணத் துணித்துண்டு ஒன்றும் தைக்கப்பட்டிருந்தன. அரசியல் கைதிக்குச் சிவப்பு, குற்றவாளி எனப்பட்டவருக்குப் பச்சை, யெகோவாவின் சாட்சிக்கு ஊதா, "சமூக விரோதி"க்குக் கறுப்பு. இந்த நிறங்களை வாசகர்கள் மனதில் இருத்திக்கொள்ள வேண்டும். யாருடைய நினைவுக்குப் பின்னாளில் மதிப்புக் கிடைத்தது, யாருடையது புறக்கணிக்கப்பட்டது என்பதையும் பெருமளவுக்கு இந்த நிறங்களே தீர்மானித்தன.

கைதிகள் எஸ்.எஸ். அமைப்பின் தையல் தொழிற்சாலையில் படையினருக்குச் சீருடை தைத்தனர். 1942 முதல் முகாமை ஒட்டி சீமன்ஸ் நிறுவனம் அமைத்த இருபது வேலைக்கூடங்களில் மின்கருவிப் பாகங்களைச் செய்தனர். வேலை செய்ய இயலாதவர்கள் கொல்லப்பட்டனர். 1942ஆம் ஆண்டின் முற்பகுதியில் சுமார் 1,600 பெண்கள் பேர்ன்பூர்க் என்னும் இடத்திலிருந்த நச்சுவாயு நிலையத்துக்கு அனுப்பப்பட்டனர். 1945 ஜனவரி இறுதியிலிருந்து, முகாமின் எரியூட்டு உலைக்கு அருகிலேயே தற்காலிக நச்சுவாயு அறை ஒன்று இயங்கியது. ஏப்ரல் வரையிலான அந்தச் சில மாதங்களுக்குள் ஐயாயிரம் முதல் ஆறாயிரம் வரையானோர் அதில் கொல்லப்பட்டதாக மதிப்பிடப்படுகின்றது.

இனி, சான்றுகள் காக்கப்பட்ட கதைக்கு வருவோம்.

1942ஆம் ஆண்டு கோடையில், போலந்தின் லுப்ளின் நகரிலிருந்து கொண்டுவரப்பட்டிருந்த இளம் பெண்கள் முகாமின் வைத்தியசாலைக்கு அழைக்கப்பட்டனர். இவர்களுள் பலர் பாடசாலை மாணவிகளாகவோ பல்கலைக்கழக மாணவிகளாகவோ இருந்து தலைமறைவு இயக்கத்தில் பணியாற்றியவர்கள். ஹிட்லரின் உயர் அதிகாரியான ஹைட்ரிக், பிராக் நகரில் நடந்த தாக்குதலில் காயமடைந்து அந்த ஆண்டு ஜூன் மாதம் இறந்திருந்தார். அவருக்கு சல்ஃபா வகை மருந்தைப் போதியளவு கொடுக்காததே மரணத்துக்குக் காரணம் என்ற குற்றச்சாட்டு, சிகிச்சைக்குப் பொறுப்பாயிருந்த வைத்தியர் கார்ல் கெப்ஹார்ட் மீது எழுந்திருந்தது. அம்மருந்தினால் பயனில்லை என்று நிறுவ அவருக்கு உடல்கள் தேவைப்பட்டன. ஆரோக்கியமான பெண்களின் கால்களைக் கிழித்து, கிருமிகளையும் மரச்சிராய்களையும் கண்ணாடித் துகள்களையும் உள்ளே வைத்துத் தைத்தனர். வேறு சிலரின் எலும்புகளை உடைத்தனர். எலும்பையும் தசையையும் வெட்டி எடுத்தனர். இவ்வாறு சத்திரசிகிச்சைக்கு உட்படுத்தப்பட்ட போலந்துப் பெண்கள் 74 பேர். ஐவர் அதன் விளைவாகவே இறந்தனர். அறுவர் காயங்கள் முற்றாக ஆறுமுன்னரே சுட்டுக் கொல்லப்பட்டனர். எஞ்சியோர் தடிகளை ஊன்றித் துள்ளித் துள்ளி நடந்தனர். முகாமில் அவர்களை "முயல்கள்" என்று அழைத்தனர். அவர்களும் தம்மை அவ்வாறே அழைத்துக்கொண்டனர்.

இப்பெண்கள் வாளாவிருக்கவில்லை. 1943 மார்ச் மாதத்தில், நடக்க முடியாதவர்களைத் தோழியர் தாங்கிவர, அணியாக முகாம் அலுவலகத்துக்குச் சென்று, எந்தச் சட்டத்தின் கீழ் தமது உடல்கள் வெட்டப்படுகின்றன என்று எழுத்தில் கேட்டனர். மறுமொழி கிடைக்கவில்லை. அதற்கு முன்னரே இன்னொரு வழியும் திறக்கப்பட்டிருந்தது. வீட்டுக்கு மாதமொரு கடிதம், தணிக்கைக்கு உட்பட்டு, ஜேர்மன் மொழியில் எழுத அனுமதி இருந்தது. கிறிஸ்டினா சிஷ் என்ற இளம்பெண், தானும் சகோதரனும் சிறுவயதில் விரும்பி வாசித்த சிறுவர் நாவல் ஒன்றைத் தனது கடிதத்தில் சும்மா நினைவூட்டுவது போல் குறிப்பிட்டாள். அந்நாவலில் வரிகளின் முதலெழுத்துக்களில் செய்தி மறைந்திருக்கும். சகோதரன் புரிந்துகொண்டான். கடித வரிகளின் முதலெழுத்துக்களைக் கூட்டியபோது, தாளில் சிறுநீரால் எழுதப்பட்டிருக்கிறது என்ற செய்தி கிடைத்தது. தாளைச் சூடான இஸ்திரிப் பெட்டியால் அழுத்தியபோது பழுப்பு நிறத்தில் எழுத்துக்கள் தோன்றின. சத்திரசிகிச்சைக்கு உட்படுத்தப்பட்டவர்களின் பெயர்கள், திகதிகள், கொல்லப்பட்டவர்களின் விபரங்கள் யாவும் இவ்வாறே வெளியே சென்று, போலந்துத் தலைமறைவு இயக்கத்தினூடாக மேற்கு நாடுகளை எட்டின. அக்கடிதங்கள் லுப்ளின் நகர அருங்காட்சியகத்தில் இன்றும் உள்ளன.

1944ஆம் ஆண்டு இலையுதிர் காலத்தில், களவாக உள்ளே கொண்டுவரப்பட்ட ஒளிப்படக் கருவியொன்றினால் இவர்களின் வடுப்பட்ட கால்கள் படமாக்கப்பட்டன. கழுவப்படாத அந்தப் படச்சுருளைப் பாதுகாக்கும் பொறுப்பு ஜேர்மேன் தில்லியோன் என்ற பிரெஞ்சுப் பெண்ணிடம் ஒப்படைக்கப்பட்டது. அடுத்த ஆண்டு பெப்ரவரியில், "முயல்கள்" அனைவரையும் கொன்று தடயத்தை அழிக்க உத்தரவு வந்தபோது, முகாமே அவர்களை ஒளித்தது. கணக்கெடுப்பு வேளையில் சோவியத் கைதிகள் மின்விளக்குகளை அணைத்துவிட, அந்தக் குழப்பத்தில் அவர்கள் கூட்டத்துக்குள் மறைந்தனர். இறந்தவர்களின் இலக்கங்களைத் தமது உடையில் தைத்துக்கொண்டு சிலர் வேறு குடிசைகளில் தங்கினர். ஒருவரையொருவர் நம்பாத பல்வேறு தேசத்துப் பெண்கள் இவ்விடயத்தில் ஒன்றுபட்டமை, பலரது வாக்குமூலங்களிலும் பெருமையுடன் கூறப்படுகின்றது.

தில்லியோன் இனவியல் ஆய்வாளர். அல்ஜீரியாவின் மலைவாழ் மக்களிடையே ஆய்வு செய்தவர். 1942இல் பாரிஸில் கைது செய்யப்பட்டு, 1943 ஒக்ரோபரில் ரவென்ஸ்புரூக் வந்து சேர்ந்தார். ஆய்வாளரின் கண்ணுடனேயே அவர் முகாமையும் நோக்கினார். கைதியின் உழைப்பிலிருந்து எவ்வளவு இலாபம் பெறப்படுகின்றது, எவ்வளவு உணவு வழங்கப்படுகின்றது, அவள் எத்தனை நாள் உயிர்வாழக் கூடும் என்று கணக்கிட்டு, 1944 மார்ச்சில் தோழியருக்கு இரகசியமாக விரிவுரையே நிகழ்த்தினார். அதே ஆண்டு, மரப்பெட்டியொன்றுக்குள் ஒளிந்திருந்து முகாம் வாழ்வைக் கேலி செய்யும் இசைநாடகம் ஒன்றை எழுதினார். அறுபது ஆண்டுகளுக்கும் மேல் கழித்து, 2007ஆம் ஆண்டு, அவருக்கு நூறு வயது நிறைந்த வேளையில், பாரிஸ் ஷாட்லே அரங்கில் அது மேடையேறியது. அவரது தாயார் எமிலியும் அதே முகாமில் இருந்தார். 1945 மார்ச்சில், வயது முதிர்ந்தவர் என்ற காரணத்தால் நச்சுவாயு அறைக்கு அனுப்பப்பட்டார். மகள் ஏப்ரல் மாதம் சுவீடன் செஞ்சிலுவைச் சங்கத்தினரால் மீட்கப்பட்டபோது, படச்சுருளும் குறிப்புகளும் அவருடன் வெளியே வந்தன.

சுவீடனின் "வெள்ளைப் பேருந்துகள்" ஏற்றிச் சென்ற ஆயிரக்கணக்கான பெண்களிடையே போலந்துப் பெண்களும் பெருந்தொகையினர். லுண்ட் பல்கலைக்கழகத்தில் போலிஷ் மொழி கற்பித்து வந்த சிக்முண்ட் லக்கோசின்ஸ்கி என்பவர், 1945-46ஆம் ஆண்டுகளில் இவர்களிடமிருந்து ஐந்நூறுக்கும் மேற்பட்ட வாக்குமூலங்களைப் பதிவு செய்யும் பணியை ஒழுங்கமைத்தார். கேட்டு எழுதியவர்களும் முகாமிலிருந்து மீண்டவர்களே. எழுதி முடிந்ததும், கூறியவரின் நினைவு எவ்வளவு நம்பகமானது, எதைத் தானே கண்டார், எதைக் கேள்விப்பட்டார் என்ற குறிப்பையும் அடியில் சேர்த்தனர். செய்தித் தொழிலில் பல ஆண்டுகளைக் கழித்த எனக்கு, இந்த அடிக்குறிப்புகளே பெரும் வியப்பைத் தந்தன. தாம் பட்ட துயரையே பட்ட ஒருத்தியின் கூற்றையும் சோதித்துப் பார்க்கும் நேர்மை அவர்களுக்கு இருந்தது. ஐயம் கொள்வது வேறு, அவமதிப்பது வேறு என்பதை அறிந்தவர்கள் அவர்கள். அந்த வாக்குமூலங்கள் பல தசாப்தங்கள் மூடிவைக்கப்பட்டு, 1990களிலேயே ஆய்வாளர்களின் கைகளுக்குக் கிட்டின.

நீதிமன்றங்களிலும் இப்பெண்கள் சாட்சியம் அளித்தனர். 1946 டிசம்பரில் ஹம்பேர்க்கில் பிரித்தானிய இராணுவ நீதிமன்றம் முகாமின் அதிகாரிகளையும் காவற்பெண்களையும் விசாரிக்கத் தொடங்கியது. அதே மாதம் நூரெம்பேர்க் வைத்தியர்கள் வழக்கில், நான்கு போலந்துப் பெண்கள் தமது கால்களை நீதிபதிகளுக்குக் காட்டினர். கெப்ஹார்ட் 1948 ஜூனில் தூக்கிலிடப்பட்டார். அவ்வழக்கின் ஒரே பெண் எதிரியான வைத்தியர் ஹேர்ட்டா ஒபர்ஹொய்சருக்கு 20 ஆண்டுகள் சிறை விதிக்கப்பட்டது. அது குறைக்கப்பட்டு 1952இல் விடுதலையானார். வட ஜேர்மனியில் மீண்டும் வைத்தியத் தொழில் புரிந்தார். முகாமில் அவரைக் கண்டிருந்த பெண்ணொருவர் அடையாளம் கண்ட பின்னர் எழுந்த எதிர்ப்பினால், 1958இல் அவரது அனுமதி பறிக்கப்பட்டது. அவர் வைத்தியம் பார்த்துக் கொண்டிருந்த அந்த ஆண்டுகளில், அவர் வெட்டிய கால்களுடன் வாழ்ந்த போலந்துப் பெண்களுக்கு நட்டஈடு கிடைக்கவில்லை. போலந்துடன் இராஜதந்திர உறவு இல்லை என்பதே மேற்கு ஜேர்மனி கூறிய காரணம். கரோலின் ஃபெரிடே என்ற அமெரிக்கப் பெண்மணியும், நோர்மன் கசின்ஸ் என்ற பத்திரிகை ஆசிரியரும் முயன்று, 1958 டிசம்பரில் 35 பெண்களைச் சிகிச்சைக்காக அமெரிக்காவுக்கு அழைத்துச் சென்றனர். அவர்களின் கதை அமெரிக்க ஏடுகளில் வெளிவந்த பின்னரே பொன் அரசு நட்டஈடு வழங்க முன்வந்தது. ஏடு என்பது எதற்காக என்று கேட்பவர்களுக்கு நான் இந்நிகழ்வைக் கூறுவதுண்டு.

ஆயினும், எல்லாப் பெண்களின் நினைவுக்கும் இத்தகைய செவிகள் கிடைக்கவில்லை.

சோவியத் இராணுவத்தின் வைத்தியர்களும் தாதியரும் 1943இன் தொடக்கத்தில் சுமார் ஐந்நூறு பேர் இம்முகாமுக்குக் கொண்டுவரப்பட்டனர். தாம் போர்க்கைதிகள், ஆயுதத் தொழிற்சாலையில் வேலை செய்ய மாட்டோம் என்று உறுதியாக நின்றவர்கள் அவர்கள். அவர்களை வழிநடத்தியவர் ஒடெசாவைச் சேர்ந்த ஆசிரியை யெவ்கேனியா கிளெம். நாடு திரும்பியபோது அவர்களை எதிர்கொண்டது வரவேற்பன்று, சந்தேகமே. எதிரியிடம் பிடிபட்டு உயிருடன் திரும்பியதே ஸ்டாலின் காலத்தில் குற்றமாகக் கருதப்பட்டது. கிளெம் 1953ஆம் ஆண்டு தற்கொலை செய்துகொண்டார். மார்கரெட்ட புபர்-நொய்மன் என்ற ஜேர்மன் பெண்ணின் நிலை வேறு விதமானது. சோவியத் கட்டாய உழைப்பு முகாமில் இருந்த அவரை 1940இல் ஸ்டாலினின் காவற்றுறையே ஹிட்லரின் காவற்றுறையிடம் கையளித்தது. ரவென்ஸ்புரூக்கில் ஐந்து ஆண்டுகள் இருந்தார். தான் கண்ட சோவியத் முகாமைப் பற்றிக் கூறியதற்காக, முகாமின் கம்யூனிஸ்ட் கைதிகள் பலர் அவரை ஒதுக்கி வைத்தனர். இரு முகாம்களைப் பற்றியும் அவர் எழுதிய நூலைக் கிழக்கு ஏற்கவில்லை. மேற்கின் இடதுசாரிகள் பலரும் விரும்பவில்லை.

1959 செப்டெம்பரில் கிழக்கு ஜேர்மன் அரசு ஏரிக்கரையில் நினைவகம் அமைத்தது. வலுவிழந்த தோழியைக் கைகளில் தாங்கி நிற்கும் பெண்ணின் சிலை நீரை நோக்கி நிற்கின்றது. சிறந்த படைப்பு என்பதில் ஐயமில்லை. ஆயின் அந்நினைவகம் போற்றியது பெரும்பாலும் சிவப்பு முக்கோணத்தை மட்டுமே. பேர்ன்பூர்க்கில் கொல்லப்பட்ட ஒல்கா பெனாரியோ கம்யூனிஸ்ட் வீராங்கனையாகப் புகழப்பட்டார். அவர் யூதப் பெண் என்பது மெல்லிய குரலிலேயே சொல்லப்பட்டது. 1945 ஜனவரியில் மலடாக்கப்பட்ட ரோமா சிந்திப் பெண்களையும் சிறுமியரையும் பற்றிப் பேசுவார் இருக்கவில்லை. ரோமா சிந்தி மக்கள்மீது நிகழ்த்தப்பட்டது இனப்படுகொலையே என்று மேற்கு ஜேர்மன் அரசு ஏற்றுக்கொண்டது 1982இல்தான். மூன்று முகாம்களிலிருந்து மீண்ட ஆஸ்திரிய ரோமா பெண் செய்யா ஸ்டோய்க்கா, 1988இல் தனது நினைவுகளை நூலாக வெளியிட்டபோது அவருக்கு வயது ஐம்பதைக் கடந்திருந்தது.

கறுப்பு முக்கோணத்தாரின் கதையே மிகவும் துயரமானது. 1942 முதல், ஆண்களுக்கான முகாம்கள் பத்தில் அமைக்கப்பட்ட விபசார விடுதிகளுக்குப் பெண்கள் அனுப்பப்பட்டனர். பெரும்பாலானோர் ரவென்ஸ்புரூக்கிலிருந்தே எடுக்கப்பட்டனர். மொத்தம் சுமார் இருநூறு பேர். சில மாதங்களில் விடுதலை என்று கூறப்பட்ட வாக்குறுதி பொய்யானது. போர் முடிந்த பின்னர் இவர்கள் வாய் திறக்கவில்லை. சக கைதிகளே இவர்களை இழிவாக நோக்கினர். நட்டஈட்டுச் சட்டமும் "சமூக விரோதிகள்" என்று முத்திரை குத்தப்பட்டவர்களைப் பாதிக்கப்பட்டோராகக் கொள்ளவில்லை. எவரும் நியாயமின்றியே வதைமுகாமில் அடைக்கப்பட்டனர், கறுப்பு, பச்சை முக்கோணத்தாரும் அவர்களுள் அடங்குவர் என்று ஜேர்மன் நாடாளுமன்றம் தீர்மானித்தது 2020 பெப்ரவரி 13ஆம் திகதி. அதைக் கேட்க அவர்களில் ஏறக்குறைய எவரும் உயிருடன் இல்லை. பெண்ணை விரும்பிய பெண்களுக்கான நினைவுச் சின்னமும் நீண்ட வாதத்தின் பின்னர் 2022இலேயே அங்கு வைக்கப்பட்டது.

நினைவுக்கும் ஆவணத்துக்கும் இடையிலான பிணக்கு ஒன்றையும் இங்கு கூற வேண்டும். 1968இல் ஒல்கா வோர்ம்சர்-மிகோ என்ற பிரெஞ்சு வரலாற்றாசிரியை, ரவென்ஸ்புரூக்கில் நச்சுவாயு அறை இருந்ததா என்று ஐயம் எழுப்பினார். அவர் நாஜிகளுக்கு வக்காலத்து வாங்கியவர் அல்லர்; கிடைத்த ஆவணங்கள் போதவில்லை என்றே கருதினார். தாயை அந்த அறையில் இழந்த தில்லியோன் கோபத்துடன் மட்டும் நின்றுவிடவில்லை. தனது நூலை மீண்டும் எழுதி 1973இல் வெளியிட்டார். "மிட்வெர்டா" என்ற ஓய்வு முகாமுக்கு அனுப்பப்படுவோர் என்று தலைப்பிட்ட பட்டியல் ஒன்று எஞ்சியிருந்தது. அத்தகைய முகாம் எங்குமே இருந்ததில்லை. முகாமின் துணை அதிகாரி ஷ்வார்ட்ஸ்ஹூபர், ஹம்பேர்க் வழக்குக் காலத்தில் நச்சுவாயுக் கொலைகளை ஒப்புக்கொண்டிருந்தார். பெண்கள் நினைவில் வைத்திருந்ததும் இச்சான்றுகளும் ஒன்றையொன்று உறுதி செய்தன. ஆவணம் இல்லாததால் நிகழ்வும் இல்லை என்று கூறுவோருக்கு, ஆவணத்தை எரித்தவர் யார் என்று முதலில் கேட்க வேண்டியுள்ளது.

எமது தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. துயருற்ற பெண் பேசத் தொடங்கினால், பாணின் அளவு, காலணி தொலைந்த நாள், குழந்தையின் இருமல் என்றே தொடங்குவார். செய்தியாளர் பொறுமையிழந்து, எத்தனை பேர் இறந்தார்கள் என்று குறுக்கே கேட்பார். ரவென்ஸ்புரூக் பெண்களின் செவ்விகளை வாசிக்கையில், பொருள் அந்தச் சிறுவிடயங்களில்தான் உள்ளது என்பது தெளிவாகின்றது. பசியால் வாடியவர்கள் இரவில் ஒருவருக்கொருவர் சமையற் குறிப்புகளைச் சொல்லிக்கொண்டனர். களவாடிய தாளில் எழுதியும் வைத்தனர். பிறந்தநாளுக்கு நூலாலும் பாண் துண்டாலும் சின்னஞ்சிறு பரிசுகள் செய்தனர். 1944 செப்டெம்பர் முதல் அங்கு ஐந்நூறுக்கும் மேற்பட்ட குழந்தைகள் பிறந்தன. பாலின்றி மிகப் பெரும்பாலானவை இறந்தன. அக்குழந்தைகளைத் துணியில் சுற்றியவர்களின் நினைவே அவற்றுக்கான ஒரே வாழ்க்கைக் குறிப்பு.

லொரெட்டா வால்ட்ஸ் என்ற ஜேர்மன் ஆவணப்பட இயக்குநர் 1980இல் தொடங்கி, பல நாடுகளுக்கும் சென்று சுமார் இருநூறு பெண்களின் வாழ்க்கைக் கதைகளைப் பதிவு செய்தார். முகாமைப் பற்றி மட்டும் அவர் கேட்கவில்லை. அதற்கு முன்னும் பின்னும் அவர்கள் வாழ்ந்த வாழ்வையும் கேட்டார். பிள்ளைகளிடம்கூடச் சொல்லாததை ஐம்பது ஆண்டுகளின் பின்னர் அவரிடம் கூறியவர்கள் இருந்தனர். சார்லோட் டெல்போ அவுஷ்விட்ஸுக்குச் சென்ற 230 பெண்களில் ஒருவர். திரும்பியோர் 49 பேர். இறுதியில் ரவென்ஸ்புரூக்கிலிருந்து மீண்ட அவர், 1946இல் எழுதியதை 1965 வரை வெளியிடவில்லை. காலம் தாழ்த்திப் பேசுவதைப் பொய்யின் அடையாளமாகக் கொள்ளும் வழக்கு விசாரணையாளர்களும் எழுத்தாளர்களும் இந்த இடைவெளியைக் கவனிக்க வேண்டும். சொல்வதற்குக் காலம் எடுக்கின்றது. கேட்பதற்கு உலகம் அதைவிட அதிக காலம் எடுத்துக்கொள்கின்றது.

2015 மே மாதம், தில்லியோனும் அவருடன் அதே முகாமில் இருந்த ஜெனவியேவ் டி கோல்-அந்தோனியோவும் பிரான்சின் பாந்தியோன் மண்டபத்தில் கௌரவிக்கப்பட்டனர். இன்று உயிருடன் இருப்பவர்கள் அன்று சிறுமியராக இருந்த மிகச் சிலரே. பேர்லினிலும் அதன் சுற்றுப்புறத்திலும் வாழும் எமது வாசகர்கள் ஒருநாள் ஃபுர்ஸ்டன்பேர்க் சென்று வரலாம். புகையிரதத்தில் ஏறத்தாழ ஒரு மணி நேரப் பயணம். நிலையத்திலிருந்து முகாமுக்கு, அந்தப் பெண்கள் நடத்திச் செல்லப்பட்ட பாதையில் நடந்தே போகலாம். பிள்ளைகளையும் உடன் அழைத்துச் செல்லுங்கள். எரியூட்டு உலையின் சாம்பல் கொட்டப்பட்ட ஏரியையும், அதன் எதிரே வழமைபோல் வாழ்ந்த நகரத்தையும் ஒரே பார்வையில் காணலாம்.